முதுகைக் காட்டிய சாட்சி

ஒரு காப்பகத்தில் நடக்கும் அக்கிரமத்தை ஆவணப்படமாக எடுத்து ஊருக்குக் காட்டப் போகிறேன் என்று வீராவேசமாகக் கிளம்பியவன், அதே காப்பகம் வெளியிட்ட காலண்டரில் மார்ச் மாதத்துக்கு மேலே பல்லைக் காட்டியபடி பாயசம் பரிமாறிக்கொண்டிருந்தால் அவனை என்னவென்று சொல்வீர்கள்? தயங்காமல் சொல்லுங்கள். என் மனைவி தயங்கவே இல்லை. அந்தக் காலண்டர் எங்கள் சமையலறையில்தான் தொங்கியது. தண்ணீர் கேன் போட்ட தேதியை அதில் வட்டமிட வரும்போதெல்லாம், "வள்ளலே, கொஞ்சம் நகருங்க" என்று என் படத்திடம் சொல்லிவிட்டுத்தான் பேனாவை எடுப்பாள்.

நான் மென்பொருள் கம்பெனியில் சோதனைப் பிரிவில் இருப்பவன். அடுத்தவர் செய்த வேலையில் எங்கே ஓட்டை என்று தேடிக் கண்டுபிடிப்பதற்குச் சம்பளம் வாங்குகிறேன். என் வேலையில் இருக்கும் ஓட்டையை மட்டும் வேறு யாராவதுதான் வந்து காட்ட வேண்டும். அதற்கு வாழ்நாள் முழுக்க ஆள் பஞ்சமே வந்ததில்லை.

கோவில்பதாகையில் எங்கள் அடுக்குமாடிக் குடியிருப்பு இருக்கிறது. மதுரை, சேலம், நாகர்கோவில், கோயம்புத்தூர் என்று எல்லா ஊர்க்காரர்களும் கடன் வாங்கிக் குடியேறிய இடம். பிறந்தநாள், கல்யாண நாள் என்று வந்தால் திருமழிசைத் தொழிற்பேட்டைக்குப் பின்னால் வயல்களுக்கு நடுவே இருக்கும் ஒரு காப்பகத்துக்குக் கிளம்பிவிடுவோம். ஆதரவற்றவர்கள், மனநிலை சரியில்லாதவர்கள் என்று ஒரு கூட்டமே அங்கே இருந்தது. மதியச் சாப்பாட்டுச் செலவை நாம் ஏற்றுக்கொண்டால், வரிசையாக உட்கார்ந்திருப்பவர்களின் இலையில் நாமே ஆளுக்கொரு கரண்டி பரிமாறலாம். கேக் வெட்டலாம். அவர்கள் கைதட்டிப் பிறந்தநாள் பாட்டுப் பாடுவார்கள். நிர்வாகி பொன்னாடை போர்த்துவார். படம் எடுத்துக்கொண்டு, மனசெல்லாம் நிறைந்து, திரும்பும் வழியில் பூந்தமல்லியில் பிரியாணி சாப்பிட்டுவிட்டு வீடு வந்து சேர்வோம். புண்ணியமும் பிரியாணியும் ஒரே டிரிப்பில்.

இப்படி நிறைந்த மனசோடு ஒரு சாயங்காலம் தெருமுனைத் தோசைக்கடையில் நின்றுகொண்டிருந்தேன். பக்கத்தில் என் நண்பன். ஆவடியில் பாதுகாப்புத் துறைத் தொழிற்சாலைக் குடியிருப்பில் பிறந்து வளர்ந்தவன், கல்யாண வீடியோ எடுப்பவன். அம்பத்தூர் ஏரியைப் பற்றி நான் எடுத்த ஒரே ஆவணப்படத்துக்கு அவன்தான் ஒளிப்பதிவு. அந்தப் படத்தை எங்கள் இரண்டு பேர் குடும்பங்களும் பார்த்தன. ஏரி எங்கே என்று அவன் அம்மா கேட்டார்.

தோசைக்கடை என்றால் கூரையும் பெஞ்சும் கற்பனை செய்ய வேண்டாம். ஒரு காம்பவுண்டுச் சுவரின் மூலையில் அடுப்பு. சாலைக் காற்று அடுப்பை அணைத்துவிடுகிறது என்பதால் அக்கா சுவரைப் பார்த்தபடிதான் நிற்பார். நாங்கள் அவருக்குப் பின்னால் வரிசையில் நிற்போம். கேட்டதை வார்த்து, தட்டைத் தோளுக்கு மேலாகப் பின்பக்கம் நீட்டுவார். யார் கை நீளுகிறதோ அது அவருடையது. அவரிடம் வருடக்கணக்காகத் தோசை தின்றிருக்கிறேன்.

அடுத்த வாரம் என் பிறந்தநாளுக்கு மறுபடியும் காப்பகத்துக்குப் போகிறேன் என்று நண்பனிடம் அளந்துகொண்டிருந்தேன். அக்கா திரும்பாமலே சொன்னார்:

"போன தபா நீ ஊத்துன பாயசத்த எவனும் குடிக்கல நைனா."

"என்னக்கா சொல்றீங்க? நானே என் கையால ஊத்தினேன்."

"ஊத்துன. போட்டோ புட்சிக்கினு கெளம்புன. நீ கேட்டத் தாண்டறதுக்குள்ள எலய எத்துட்டாங்க. பாயசம் திரும்ப அண்டாவுக்குப் போச்சு. அட்த்த பர்த்டே பார்ட்டி வெளிய வெயிட்டிங்கு."

"அப்ப அவங்க என்ன சாப்பிட்டாங்க?"

"கஞ்சி. போட்டோவுல நல்லா சிரிச்சவனுக்கு ஊறுகா."

நண்பன் சிரித்துவிட்டான். நானும் சிரிக்கப் போனேன். "சிரிக்காதவனுக்கு?" என்று கேட்டேன்.

அக்கா கல்லில் இருந்த தோசையைத் திருப்பிப் போட்டார்.

"ரூம்பு" என்றார்.

அன்றைக்குக் கூட்டம் குறைந்த பிறகு மீதியைச் சொன்னார். சில மாதம் முன்புவரை, சில வருடமாக அந்தக் காப்பகத்தில் பகலில் அவர்தான் சமையல்; சாயங்காலம் இங்கே கடை. அவருக்கு ஒரு தம்பி. நாற்பதைத் தாண்டியவர், மனசு மட்டும் குழந்தை. அக்கா தங்கியிருந்த ஒற்றை அறையில் அவரைச் சேர்க்க வீட்டு ஓனர் சம்மதிக்கவில்லை. கடையில் உட்கார வைத்தால் எழுந்து நடந்துவிடுவார். ஒருமுறை தண்டவாளத்தை ஒட்டியே போய் வேப்பம்பட்டு ஸ்டேஷனில் உட்கார்ந்திருந்தவரை யாரோ பிடித்து வைத்திருந்து கொடுத்தார்கள். வேறு வழியில்லாமல் தம்பியைக் காப்பகத்தில் சேர்த்துவிட்டு, அவர் பக்கத்திலேயே இருக்கலாமென்று சமையல் வேலைக்கும் சேர்ந்தார். ஊற்றிய பாயசத்தை ஏன் திரும்ப எடுக்கிறீர்கள், சிரிக்காதவரை ஏன் பூட்டி வைக்கிறீர்கள் என்று கேட்ட நாளிலிருந்து அக்காவுக்கு வேலை இல்லை. தம்பி மட்டும் உள்ளே.

"நான் வாயத் தொறந்தேன்னு தெரிஞ்சா அவன ரூம்புல போட்ருவானுங்க. நான் போய் நின்னாலும் காட்ட மாட்டானுங்க. அதான் நைனா மேட்டரு."

எனக்குள் இருந்த ஆவணப்பட இயக்குநர் எழுந்து உட்கார்ந்துவிட்டார். அவர் எழும்போதெல்லாம் யாருக்காவது சிரமம்தான்.

முதல் முயற்சி ரகசிய கேமரா. சட்டைப் பொத்தான் வடிவத்தில் ஒன்றை இணையத்தில் வரவழைத்தேன். பிறந்தநாள் சாக்கில் காப்பகத்துக்குப் போய் எல்லாவற்றையும் பதிவு செய்துவிடுவது திட்டம். வாசலிலேயே நிர்வாகி, "வாங்க சார், காலண்டர் சார்!" என்று வரவேற்று, வழக்கம்போல ஒரு பொன்னாடையை எடுத்து என் மேல் போர்த்தினார். நான் எடுக்கப் போனேன். "இருக்கட்டும் சார், உங்களுக்கு அழகா இருக்கு" என்றார். அதை நம்பினேன் பாருங்கள், அதுதான் நான். கடைசிவரை கழற்றவில்லை. வீட்டுக்கு வந்து கணினியில் போட்டுப் பார்த்தால் தொடக்கம் முதல் முடிவு வரை ஒரே மஞ்சள் நிறம். நடுநடுவே என் குரல்: "சூப்பர் சார்... ரொம்ப நல்லா இருக்கு சார்..."

"மாமே, இது ஆவணப்படம் இல்ல, ஜவுளிக்கட வெளம்பரம்" என்றான் நண்பன்.

அப்புறம் அக்காவின் வாக்குமூலம் ஒன்றுதான் கதி. பல நாள் யோசித்துவிட்டு அவர் ஒப்புக்கொண்டார். ஒரே நிபந்தனை: அவர் யாரென்று ஒரு ஈ காக்காவுக்கும் தெரியக் கூடாது. முகத்தைக் கட்டம் கட்டமாக மறைக்கலாம் என்று நண்பன் சொன்னான். எனக்குப் பிடிக்கவில்லை. பார்ப்பவர்கள் அவரையே குற்றவாளி என்று நினைப்பார்கள், வேண்டாம், கண்ணியமாக இருக்கட்டும், பின்பக்கமிருந்து எடுப்போம் என்றேன். என் ஞானத்தை நானே மெச்சிக்கொண்டேன். கடையில் எடுக்கக் கூடாது என்கிற அளவுக்குப் புத்தி வேலை செய்தது. அக்கா தங்கியிருந்த அறையில், ஜன்னலைப் பார்த்து அவரை நிற்க வைத்தோம். கை சும்மா இருந்தால் பேச்சு வரவில்லை என்றார். அதனால் வெங்காயம் நறுக்கியபடியே பேசினார். பூட்டிய அறை, திரும்ப எடுக்கப்பட்ட இலைகள், விருந்தாளி வருவதற்கு முன்னால் நடக்கும் சிரிப்பு ஒத்திகை. எல்லாவற்றையும் சொன்னார். குரலைக் கணினியில் தடிக்க வைத்தேன். ஏதோ கட்சியின் மாவட்டச் செயலாளர் வெங்காயம் நறுக்குவது போல் இருந்தது. எடுத்த இரண்டு பேருக்குமே அது யாரென்று தெரியவில்லை. பாதுகாப்பு பிரமாதம் என்று கை குலுக்கிக்கொண்டோம்.

அடுத்து எனக்கு, ஏமாந்த நன்கொடையாளர்கள் வேண்டும். அவர்கள் கேமரா முன்னால் வந்து பேசினால்தான் படம் நிற்கும். எங்கள் குடியிருப்பில் பாதிப் பேர் அப்படிப்பட்டவர்கள்தானே. ஒரு சனிக்கிழமை சாயங்காலம் கீழ்த்தளத்து ஹாலில் திரை கட்டி, எடுத்தவரைக்கும் போட்டுக் காட்டினேன். குடியிருப்போர் சங்கச் செயலாளர் முன்வரிசையில் இருந்தார். கோயம்புத்தூர்க்காரர், அத்தனை நல்லவர். மறுநாள் அவருடைய கல்யாண நாள். அதே காப்பகத்தில்தான் மதியச் சாப்பாடு.

அக்கா திரையில் வந்தார். ஜன்னல் வெளிச்சத்தில் முதுகு, முடிச்சிட்ட கொண்டை, லேசாகத் தூக்கிய இடது தோள். வாக்குமூலத்தின் முதல் வார்த்தை இன்னும் வரவில்லை.

"அட, நம்ம தோசை அக்கா!" என்றார் பின்வரிசையில் ஒருவர்.

"ஆமா, அக்காவேதான். தோளப் பாருங்க."

"இந்த வெங்காயம் ஊத்தப்பத்துக்கா?"

ஹால் முழுக்கச் சிரிப்பு. எனக்கு அப்போதுதான் உறைத்தது. இந்தக் கோவில்பதாகையில் அந்த முதுகைத் தெரியாதவர் ஒருவர்கூட இல்லை. தினம் சாயங்காலம் அதைப் பார்த்துக்கொண்டுதானே ஊரே நிற்கிறது! உலகத்தில் எந்தப் பெண்ணின் முகத்தை மறைத்து முதுகைக் காட்டியிருந்தாலும் தப்பித்திருப்பார். நான் தேடிப் பிடித்து ஊருக்கே முதுகு தெரிந்த ஒரே பெண்ணை அப்படி எடுத்திருக்கிறேன்.

நண்பன் என் காதில், "மாமே, மூஞ்சியக் காட்டியிருந்தாக்கூட எவனுக்கும் தெரிஞ்சிருக்காது" என்றான்.

படம் ஓடியது. சிரிப்பு கொஞ்சம் கொஞ்சமாக அடங்கியது. முடிந்ததும் விளக்கைப் போட்டேன். செயலாளர்தான் எழுந்தார், முகம் வாடிப்போய்.

"மனசே செரியில்லைங்க. ஆனா ஒருத்தரு சொன்னத மட்டும் கேட்டுட்டு முடிவு பண்ணக் கூடாதில்லைங்க? ரெண்டு பக்கமும் கேக்கோணும். அதான், நிர்வாகிக்கு இப்பவே ஒரு மெசேஜ் போட்டுட்டேனுங்க."

"என்னன்னு போட்டீங்க?"

கைபேசியைக் காட்டினார். 'வணக்கம் சார். எங்க தெரு தோசைக்கடை அம்மா உங்க ஹோமில் சமையல் செய்தார்களாமே. சில விஷயம் சொல்கிறார்கள். உண்மையா?' பக்கத்தில் இரண்டு நீலக் குறிகள். படித்தாகிவிட்டது.

கெட்டவர்களிடமிருந்து அக்காவைக் காப்பாற்ற என்னென்னவோ திட்டம் போட்டிருந்தேன். நியாயஸ்தரிடமிருந்து காப்பாற்ற யோசிக்கவே இல்லை.

பதிலும் வந்தது. 'அப்படி யாரும் இங்கே வேலை பார்த்ததே இல்லை சார். நாளை நேரில் பேசுவோம். இனிய திருமணநாள் வாழ்த்துகள்.' கடைசியில் கும்பிடும் கைகள் ஒரு கொத்து.

நான் தெருமுனைக்கு ஓடினேன். நண்பன் பின்னால் ஓடிவந்தான். விஷயம் என்னவென்று புரியாமலே செயலாளரும் அவர் மனைவியும் அவனுக்குப் பின்னால். வரிசையில் நின்றவர்கள், "அண்ணாத்தே, இன்னா அவசரம்? லைன்ல வா" என்று என்னைத் தள்ளினார்கள். வரிசைக்கு வெளியே நின்று, மூச்சு வாங்க, நடந்ததை அக்காவின் முதுகிடம் சொன்னேன்.

அவர் திரும்பினார். நெற்றியில் வியர்வை, கண்ணுக்குக் கீழே கருமை, கீழுதட்டில் ஒரு சின்ன வெட்டுத் தழும்பு. இத்தனை வருடத்தில் அந்தத் தழும்பை நான் பார்த்ததே இல்லை. கல்லில் இருந்த தோசை கருகியது. 

"அவன ரூம்புல போட்ருப்பானுங்க" என்றார். என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் எனக்கு வசதியாக இருந்திருக்கும்.

செயலாளர் தயங்கியபடி, "ஏனுங்க அக்கா, அவரு நீங்க வேலையே பார்க்கலைங்கிறாரே?" என்றார்.

அக்கா அவரை விட்டுவிட்டு அவர் மனைவியைப் பார்த்தார்.

"ரெண்டு வருசம் முன்ன நீங்க கொண்டாந்த கேக்குல முட்ட கீதான்னு ஒரு தாத்தா கேட்டாரு. நீங்க சமையக்கட்டுல வந்து என்னாண்ட கேட்டீங்க. டப்பாவுல எழுதிக்கீதானு ரெண்டு பேரும் சேந்து தேடினோமே?"

அந்தம்மாள் கையை வாயில் வைத்துக்கொண்டார். "அய்யோ, அது நீங்கதானா! இங்க முன்பக்கம் பார்த்ததே இல்லீங்களா, அதான் தெரியலை."

அவருக்கு அங்கே முகத்தைத் தெரியும், இங்கே முதுகைத் தெரியும். இரண்டும் ஒரே ஆளுடையவை என்று அந்த நிமிஷம்தான் சேர்ந்தது. செயலாளர் கைபேசியை எடுத்து, தான் அனுப்பிய மெசேஜை மறுபடியும் படித்தார். அப்புறம், "நான் இப்பிடிப் பண்ணிட்டனுங்களே" என்றார். 'நானும்தான்' என்று கூட்டுச் சேர எனக்கு ஆசைதான். ஆனால் என் பங்கு ரொம்பப் பெரியது.

"நாளைக்கு உங்க கார்ல எடம் கீதா?" என்று கேட்டார் அக்கா.

மறுநாள் கிளம்பினோம். விருந்துக்கு அழைத்திருந்த குடியிருப்புக்காரர்கள் சிலர் வேறு வண்டிகளில் வந்தார்கள். எங்கள் காரில் முன்னால் செயலாளரும் மனைவியும். பின்னால் நான், நண்பன், நடுவில் மடியில் கேக் பெட்டியோடு அக்கா. நன்கொடையாளர் வண்டியைக் கண்டதும் காவலாளி சலாம் வைத்துக் கதவைத் திறந்தார். உள்ளே யாரென்று குனிந்தும் பார்க்கவில்லை. அக்காவை வண்டியிலேயே இருக்கச் சொல்லிவிட்டு நாங்கள் இறங்கினோம்.

நண்பன் ரகசியமாக எதுவும் செய்யவில்லை. கல்யாணத்துக்குக் கொண்டுபோகும் பெரிய கேமராவைத் தோளில் ஏற்றி, உச்சியில் விளக்கைப் போட்டுக்கொண்டு, "சார், அப்டியே ஒரு ஸ்டெப் முன்ன வாங்க. சிரிங்க. சூப்பர்" என்று நிர்வாகியையே மேய்க்க ஆரம்பித்தான். கல்யாண வீடியோக்காரனை இந்த ஊரில் யார் சந்தேகப்படுவார்கள்? மாப்பிள்ளை வீட்டாருக்குப் பெண் வீட்டு ஆள், பெண் வீட்டாருக்கு மாப்பிள்ளை வீட்டு ஆள். பந்தி உட்கார்ந்தது. பரிமாறினோம். படம் எடுத்தோம். நாங்கள் கை கழுவப் போனதும் ஊழியர்கள் இலையிலிருந்த வடைகளைச் சேகரித்தார்கள். கேமராவைக் கண்டு ஒருவர் தயங்கினார்.

"பரவால்லண்ணா, நீங்க எடுங்க. நேச்சுரலா இருக்கட்டும்" என்றான் நண்பன்.

அவர் ஒரு வடையைக் கூடுதலாக, அழகாக எடுத்துக் காட்டினார்.

நான் ஒரு மாதமாக அலைந்தது இந்த ஒரு காட்சிக்குத்தான். ஆனால் எனக்குக் கண் அதில் இல்லை. பந்தியில் அக்காவின் தம்பியைத் தேடிக்கொண்டிருந்தேன். அக்கா சொன்ன அடையாளத்தில் யாருமே இல்லை.

அதற்குள் அக்கா பொறுக்க முடியாமல் இறங்கி உள்ளேயே வந்துவிட்டார். நிர்வாகியின் முகத்திலிருந்த கல்யாண நாள் சிரிப்பு நின்றது.

"நீ எங்கம்மா இங்க?"

"தம்பியக் கூட்டிக்கினு போக வந்தேன்."

"இன்னிக்குப் பார்வையாளர் நாள் இல்லையே."

"பாக்க வர்ல. கூட்டிக்கினு போக வந்தேன்."

"அவனுக்கு உடம்பு சரியில்ல. ரெஸ்ட்ல இருக்கான். ஒரு வாரம் கழிச்சு வா."

இந்தக் கட்டத்துக்காக நான் ஒரு வசனம் தயாரித்து வைத்திருந்தேன். மனித உரிமை, மனசாட்சி என்றெல்லாம் அதில் வரும். முன்னால் போனேன். நிர்வாகி என்னைத் திரும்பிப் பார்த்தார். என் வாயிலிருந்து, "சார்... பாயசம் நல்லா இருக்கு" என்று வந்தது.

அப்போதுதான் தாழ்வாரத்தின் கோடியிலிருந்து பாட்டுச் சத்தம் கேட்டது. ஒரு மூடிய கதவுக்குப் பின்னால், கரகரத்த ஆண் குரல், கைதட்டிக்கொண்டே பிறந்தநாள் பாட்டைப் பாடியது. அன்றைக்கு அங்கே யாருக்கும் பிறந்தநாள் இல்லை. அக்காவின் குரல் அவர் காதில் விழுந்திருக்கிறது. கதவைத் திறக்க வைக்க அவருக்குத் தெரிந்தது அந்த ஒன்றுதான். பாடி முடித்தார். யாரும் வரவில்லை என்றதும், மறுபடியும் முதலிலிருந்து, இன்னும் சத்தமாக ஆரம்பித்தார்.

பந்தியில் இருந்தவர்கள் சிலர் பழக்கத்தில் கூடவே கைதட்டினார்கள்.

செயலாளர் தோளில் போர்த்தியிருந்த பொன்னாடையோடு நிர்வாகியிடம் போய்க் கையை நீட்டினார். "சாவி" என்றார். மூச்சுக்கு ஒரு 'ங்க' போடும் மனிதர், அது இல்லாமல் பேசி நான் கேட்டது அதுவே முதல் தடவை. அவர் மனைவி கைபேசியை நிர்வாகியின் முகத்துக்கு நேராகப் பிடித்தார். விருந்துக்கு வந்திருந்த மற்றவர்களும் பிடித்தார்கள். நாங்கள் படம் பிடிக்கப் பழகிய கூட்டம் அல்லவா, அந்தப் பழக்கம் ஒருநாள் உதவியது. சாவி வந்தது.

கதவு திறந்ததும் தம்பி வெளிச்சத்தில் கண்ணைச் சுருக்கிக்கொண்டு நின்றார். கேமராவைப் பார்த்தார். உடனே இரண்டு கையையும் கூப்பி, எல்லாப் பல்லும் தெரியச் சிரித்தார். அந்தச் சிரிப்பு எனக்குத் தெரியும். காலண்டரில், மார்ச் மாதத்துக்கு மேலே, என் கரண்டிக்கு எதிரே இலை முன்னால் உட்கார்ந்து சிரித்தவர் இவர்தான். வருடம் முழுக்க எங்கள் சமையலறையில் இருந்திருக்கிறார். நான் அந்தப் படத்தில் என்னைத் தவிர வேறு யாரையும் பார்த்ததில்லை.

மாப்பிள்ளை மயங்கி விழுந்தாலும் கேமராவை இறக்காதவன் என் நண்பன். இறக்கினான். விளக்கையும் அணைத்தான். அக்கா தம்பியின் கூப்பிய கைகளைப் பிரித்து, ஒன்றைத் தன் கையில் பிடித்துக்கொண்டு வண்டிக்கு நடந்தார்.

அதற்குப் பிறகு நடந்ததெல்லாம் அரசாங்க வேகம். புகார் கொடுத்தோம். அதிகாரிகள் காப்பகத்துக்குப் போனார்கள். சிலரை வேறு இடத்துக்கு மாற்றினார்கள். விசாரணை இன்னும் நடக்கிறது. எங்கள் குடியிருப்பில் மோட்டார் அறைக்குப் பக்கத்தில் காவலாளிக் குடும்பத்துக்கென்று கட்டி யாரும் வராத வீடு ஒன்று இருந்தது. அதை அக்காவுக்கும் தம்பிக்கும் கொடுக்கலாமா என்று வாட்ஸ்அப் குழுவில் வாக்கெடுப்பு நடந்தது. மனிதாபிமானம், கார் நிறுத்த இடம், காலை வணக்கப் படங்கள் என்று விவாதம் பல திசைக்கும் போய், கடைசியில் செயலாளர் யாரையும் கேட்காமல் சாவியைக் கொடுத்துவிட்டார். எதிர்த்தவர்களை என் மனைவி பார்த்துக்கொண்டாள்.

தம்பி ஆரம்பத்தில் யார் கைபேசியை எடுத்தாலும் கையைக் கூப்பிச் சிரித்தார். மணி பார்க்கக்கூட அவர் எதிரில் யாரும் கைபேசியை எடுக்கக் கூடாது என்று தோசை வரிசைக்கு அக்கா சட்டம் போட்டார். மென்பொருள்காரர்கள் கைபேசி இல்லாமல் வரிசையில் நின்று, வேறு வழியில்லாமல் ஒருவரோடு ஒருவர் பேசிக்கொண்ட அதிசயத்தை நான் பார்த்தேன். எது கொடுத்தாலும் தம்பி சாப்பிட்டார். எப்படி இருக்கிறது என்று கேட்டால் "சூப்பர் சார்" என்பார். ஒருநாள் அக்கா உப்புப் போட மறந்த சாம்பாருக்கும் அதேதான் சொன்னார். அக்கா தட்டை வாங்கி, உப்பைத் தூவித் திருப்பிக் கொடுத்தார்.

படம் இன்னும் முடியவில்லை. தம்பி வெளியே வந்துவிட்டதால் முகத்தைக் காட்டியே பேசுகிறேன் என்று அக்கா ஒப்புக்கொண்டிருக்கிறார். ஆனால் அவருக்கு நேரம் இருக்கும்போது எனக்கு ஆபீஸ், எனக்கு நேரம் இருக்கும்போது அவருக்கு மாவு.

போன வாரம் விசாரணைக்கு அக்காவைத் திருவள்ளூருக்கு வரச் சொல்லியிருந்தார்கள். நண்பன் வண்டியில் கூட்டிப் போனான். சாயங்காலத்துக்குள் திரும்ப முடியவில்லை. மாவு பொங்கிக்கொண்டிருந்தது. ஒருநாள் கடையை நான் பார்த்துக்கொள்கிறேன் என்று சொன்னேன். யாரும் கேட்காமலே சொன்னேன். சுவரைப் பார்த்து நின்றால் பின்னால் நிற்பவர்கள் நம்மை எப்படிப் பார்க்கிறார்கள் என்பது முதுகுக்கே தெரிகிறது.

"அண்ணாத்தே, இது இன்னா தோசையா, இந்தியா மேப்பா?"

"மேப்புனாலும் பரவால்ல மச்சான், இலங்க தனியா வந்துக்குது பாரு."

"அக்கா எப்போ வரும்? அத்த மட்டும் சொல்லு நைனா."

கூட்டம் கலைந்துவிட்டது. தம்பி மட்டும் வழக்கமான ஸ்டூலில் உட்கார்ந்து சாலையில் போகும் பஸ்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கென்று ஒன்று வார்த்தேன். ஓரம் கருகி, நடுவில் வெந்தும் வேகாமலும் வந்தது. தட்டில் வைத்துக் கொடுத்தேன். ஒரு விள்ளல் பிட்டு வாயில் போட்டு மெதுவாக மென்றார். எனக்கு வாய் சும்மா இருக்குமா?

"எப்படிண்ணே இருக்கு?"

மெல்லுவதை நிறுத்தினார். தோசையைப் பார்த்தார். என்னை ஏற இறங்கப் பார்த்தார். கைகள் தட்டைவிட்டு லேசாக எழுந்து, பாதியில் நின்று, மடிக்கே திரும்பின. பிறகு தட்டை என் பக்கம் தள்ளிவிட்டார்.

"நல்லால்ல. வேற போடு."